வீட்டில் ஒரு வார்த்தை

"பெரிய மனசும்மா உனுக்கு. சீனியாரிட்டில நீதான முன்னாடி கீற? புருசனுக்கோசரம் வுட்டுக் குடுத்துட்டியே!"

சமையலறை வாசலில் நின்று அலுவலகக் கண்காணிப்பாளர் நீலமேகம் மனதாரப் பாராட்டினார். பிரியாணியைக் கிளறிக்கொண்டிருந்த மகிமாவின் கை நின்றது.

"எதை சார் வுட்டுக் குடுத்தேன்?"

"எண்ணூரு போஸ்டிங்கதான். உனுக்கு வேணாம்னு ஜெபின் சொன்னாரே?"

மகிமாவும் அவள் கணவன் ஜெபினும் ராயபுரத்தில் ஒரே அரசு அலுவலகத்தில் உதவியாளர்கள். பணியில் அவள்தான் மூத்தவள். எண்ணூரிலுள்ள அரசுக் கழகம் ஒன்று, கணக்குப் பிரிவுக்குத் தலைமை ஏற்க ஓர் ஆளை அயற்பணிக்குக் கேட்டிருந்தது. அடுத்தவர் தலைமையில் வேலை பார்த்தே அலுத்துப்போன மகிமா, இந்த முறை தனக்குத்தான் என்று நம்பியிருந்தாள். ஆணை ஜெபின் பெயரில் வந்தது. தகுதி பார்த்துத்தான் எடுத்திருப்பார்கள் என்று மனதை ஆற்றிக்கொண்டு, இன்றைய ஞாயிற்றுக்கிழமை நன்றி ஜெபத்துக்குத் தெருவையே அழைத்தவளும் அவள்தான்.

அந்த அலுவலகத்தில் ஒரு வழக்கம். ஆண் ஊழியரென்றால் எதிரில் உட்காரவைத்து விருப்பம் கேட்பார்கள். பெண்ணென்றால் அவள் வீட்டுக்குப் போன் போடுவார்கள். அதற்கு மரியாதை என்று பெயர் வேறு. சொல்லவே வெட்கமாக இருக்கிறது.

ஏதோ சரியில்லை என்று புரிந்து நீலமேகம் கூடத்துக்கு நழுவினார். மகிமா கணவனை உள்ளே கூப்பிட்டாள்.

"சாராண்ட இன்னா சொன்ன நீ?"

ஜெபின் குரலைத் தாழ்த்தினான். "போன் பண்ணிக் கேட்டாரு. வூட்ல பசங்க கீறாங்க, எண்ணூரு தூரம், வழியெல்லாம் லாரி... உன்னால அலைய முடியாதுன்னு..."

"நீ எந்த ஊருக்குப் போற?"

அவன் குனிந்து அடுப்பைக் குறைத்தான்.

"என்னாண்ட ஒரு வார்த்த கேக்கணும்னு தோணலியா?"

"கேட்டா நீ போறேன்னுடுவ."

சொன்ன பிறகுதான் தான் சொன்னது அவனுக்கே உறைத்தது. பெண்டாட்டியின் முகத்தைப் பார்க்க முடியாமல் கூனிக் குறுகி நின்றான். அவன் கெட்டவனில்லை. பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புவான், துணி துவைப்பான். தன்னைவிட ஒரு படி மேலே அவள் உட்காருவதை மட்டும் அவனால் தாங்க முடியவில்லை.

கூடத்திலிருந்து போதகர் அழைத்தார். "சகோதரி மகிமா, வாங்கம்மா. ஆண்டவர் செஞ்ச நன்மையப் பத்தி குடும்பத்து சார்பா ஒரு சாட்சி சொல்லுங்க."

அவள் கையைத் துடைத்துக்கொண்டு போய் நின்றாள். ஜெபின் பின்னாலேயே வந்து கதவோரம் ஒட்டிக்கொண்டான்.

"சார்," என்றாள் நீலமேகத்திடம், "எண்ணூருக்குப் போறியான்னு என்னாண்ட ஏன் கேக்கல?"

அவர் திகைத்தார். "இன்னாம்மா இப்டி கேக்கற? லேடீஸ்னா வூட்ல ஒரு வார்த்த கேக்கறது நம்ம ஆபீஸ் வழக்கந்தான? கேட்டுதான் செஞ்சேன்."

"இவர அனுப்பறதுக்கு யாரு வூட்ல சார் கேட்டீங்க?"

நீலமேகம் ஜெபினைத் திரும்பிப் பார்த்தார்.

"இவருக்கு வூடுன்னா நான்தான். என்னாண்ட யாரும் கேக்கலியே."

பாயில் உட்கார்ந்திருந்த பெண்களில் ஒருத்தி 'ம்' என்றாள். ஜெபின் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். அப்படியே தரையில் புதைந்துவிடலாம் போலிருந்தது அவனுக்கு.

"ஆர்டர் போட்டாச்சேம்மா," என்று நீலமேகம் முனகினார்.

"போட்டவங்களையே நாளைக்குப் பாத்து மாத்தச் சொல்லிக் கேக்கப் போறேன். எனுக்குத் தகுதி இல்லன்னா அத என் மூஞ்சிக்கு நேரா சொல்லட்டும்."

போதகர் சங்கடத்துடன் வேதாகமத்தைத் திறந்து மூடினார். மகிமா அவர் பக்கம் திரும்பினாள்.

"ஜெபம் பண்ணுங்க ஐயா. ஆனா இவருக்கு எண்ணூரு போஸ்டிங் கெடச்சதுக்கு நன்றி சொல்லாதீங்க. அது என்னுது."