செப்பு நாய்

பன்னிரண்டு பேர். கப்பல் துறையில் மினிபஸ் கதவருகே நின்று பட்டியலைப் பார்த்துப் பெயர்களைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். டென்மார்க்கிலிருந்து ஒரு சைக்கிள் கூட்டம், ஒரு தேனிலவு ஜோடி, கிளாஸ்கோவில் முப்பது வருஷம் பஸ் ஓட்டி ஓய்வுபெற்ற ஒரு பருத்த மனிதர், கூடவே அவருடைய மச்சான். பன்னிரண்டாவது பெயரைப் படித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தேன். இஷ்பெல் மெக்கஃபர். என் அம்மா. சாவுக்கு மட்டும் போடுகிற கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு, கைப்பையை வயிற்றோடு அணைத்தபடி வரிசையில் கடைசி ஆளாக நின்றிருந்தாள்.

"என்னம்மா இது?"

"டிக்கெட் இருக்கு. போஸ்டாபீஸ்காரி போட்டுக் குடுத்தா."

"பெத்த மக வண்டிக்கு யாராச்சும் டிக்கெட் எடுப்பாங்களா? சொல்லியிருந்தா நானே கூட்டிட்டு வந்திருப்பேன்ல?"

"வர்றவங்ககிட்ட நீ என்ன சொல்றியோ அதக் கேக்கணும். உன் அம்மாவா வந்தா நீ வேற மாதிரி சொல்லுவ," என்றாள். மூன்றாவது வரிசையில் ஜன்னலோரம் போய் உட்கார்ந்துகொண்டாள்.

நாற்பத்திரண்டு வருஷமாக அம்மா நான் ஆட்களைச் சுற்றிக்காட்டுகிற விஸ்கி ஆலையின் வாசலை மிதித்ததில்லை. அந்தப் பக்கம் போகிற பாதையைக்கூடத் தவிர்த்துவிட்டுச் சுற்றுவழியில் கடைக்குப் போவாள். நானோ பதினேழு வருஷமாக அங்கேதான் சம்பளம் வாங்குகிறேன். அவளுடைய கைப்பைக்குள் என்ன இருக்கிறது என்பதும் எனக்குத் தெரியும். ஆலையில் புதிதாக ஒரு கூடம் கட்டியிருக்கிறார்கள். அதில் அப்பாவின் படத்தைப் பெரிதாக்கி மாட்டப்போகிறார்களாம். கீழே நாலு வரியில் அவர் கதை. குடும்பத்தின் சம்மதம் வேண்டும், வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்துப் போட்டுத் தரவேண்டும் என்று கடிதம் வந்திருந்தது. கேட்கும்போதெல்லாம் அம்மா "பாக்கலாம்" என்றாள். அம்மா பாக்கலாம் என்றால் நடக்காது என்று அர்த்தம். இன்றைக்குத்தான் வெள்ளிக்கிழமை.

எங்கள் தீவில் பாதை ஒரு வண்டி அகலம்தான். எதிரே வண்டி வந்தால் ஒதுங்கும் இடத்தில் யாராவது ஒருவர் நின்று வழிவிட வேண்டும். வழிவிட்டாலும் விடாவிட்டாலும் ஸ்டியரிங்கிலிருந்து ஒரு விரலைத் தூக்கிக் காட்ட வேண்டும். தெரிந்தவர், தெரியாதவர், பாதிரியார், போலீஸ்காரர் எல்லோருக்கும் அதே ஒற்றை விரல்தான். வருகிறவர்கள் முதலில் கேட்பது இதைத்தான். நானும் வழக்கமான பாட்டைப் பாடினேன். இந்த ஊரில் விரல் தூக்காதவனுக்குப் பெண் கிடைக்காது, இங்கே எது நின்றுபோனாலும் ஒரே காரணம்தான், "காத்து, கப்பல் போகல" என்றேன். சிரித்தார்கள். இரண்டு பக்கமும் சதுப்பு நிலம் பழுப்பாக விரிந்து கிடந்தது. அடுப்பெரிக்க வெட்டி அடுக்கிய பீட் மண்கட்டிகள் காய்ந்துகொண்டிருந்தன. அவற்றின் புகைதான் எங்கள் விஸ்கிக்கு வாசம் தருகிறது என்று சொல்லிக்கொண்டே கண்ணாடியில் அம்மாவைப் பார்த்தேன். கடலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

சர்ச் தாண்டியதும் எதிரே ஒரு நீல வேன் ஒதுங்கி நின்றது. ஹெக்டர். நான் விரல் தூக்கவில்லை. ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நேரே பார்த்தபடி கடந்தேன்.

கிளாஸ்கோக்காரருக்குக் கழுகுக் கண். "ஏம்மா டிரைவரு, அந்த ஆளுக்கு மட்டும் விரல் எழும்பலயே? பழைய காதலா?"

"கல்யாணத்துக்குக் கேட்டான். காத்து, கப்பல் போகலன்னு சொல்லிட்டேன்," என்றேன். வண்டியே குலுங்கச் சிரித்தார்கள். அம்மா மட்டும் என் பின்னந்தலையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஹெக்டர் என்னோடு ஒரே வகுப்பில் படித்தவன். அவனுடைய அப்பா டூகால்ட், என் அப்பா நீலோடு ஒரே கிடங்கில் வேலை பார்த்தவர். அப்பாவைக் காட்டிக்கொடுத்தது டூகால்ட்தான் என்று ஊருக்கே தெரியும். எனக்கு ஆறு வயதில் நடந்தது அது. அப்பாவின் வேலை போனது. ஆலை கொடுத்திருந்த வீடும் போனது. அப்பா நண்டுப் படகுக்குப் போனார், இரண்டாவது குளிர்காலத்தில் படகோடு திரும்பி வரவில்லை. அந்த வாரம் எங்கள் வாசலில் யாரோ ஒரு மூட்டை பீட் வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். டூகால்ட் வைத்தது என்று தெரிந்ததும், எட்டு வயதுப் பிள்ளை நான், அதைக் கைவண்டியில் ஏற்றி ஒரு மைல் தள்ளிக்கொண்டு போய் அவர் வாசலிலேயே கொட்டினேன். அவர் கதவைத் திறந்து பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் மூடிக்கொண்டார். அதை ரொம்ப காலம் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். போன பிப்ரவரியில் அவர் செத்துப்போனார். தீவில் ஒரு சாவென்றால் கடைகண்ணி எல்லாம் மூடிவிடுவார்கள். அவருக்குப் பெட்டி தூக்கவே ஆள் போதாமல் துறையிலிருந்து இரண்டு பேரைக் கூப்பிட்டார்கள் என்று கேள்வி. நான் போகவில்லை. அம்மா போனாள். ஏன் போனாய் என்று கேட்டதற்கு, செத்தவனிடம் என்ன பகை என்றாள்.

ஆலையில் பார்லி அரைக்கிற இடம், நொதிக்கிற மரத்தொட்டிகள், செப்புக் கொப்பரைகள் எல்லாவற்றையும் காட்டினேன். வாய் பாட்டுக்குப் பேசிக்கொண்டிருந்தது. என் கவலையெல்லாம் கிடங்கைப் பற்றித்தான். அங்கேதான் என் பெரிய வித்தை இருக்கிறது. பீப்பாய்களுக்கு நடுவில் ஒரு கண்ணாடிப் பெட்டியில் ஒரு முழ நீளச் செப்புக் குழாய். ஒரு பக்கம் அடைத்து, மறுபக்கம் தக்கை போட்டது. கயிறு கட்டிக் கால்சட்டைக்குள் தொங்கவிட்டுக்கொண்டு ஆலைக்காரர்கள் பீப்பாயிலிருந்து சரக்கு கடத்துவார்கள். எசமானை விட்டுப் பிரியாது என்பதால் அதற்கு நாய் என்று பெயர். பெட்டியில் இருப்பது அப்பாவின் நாய். வருகிறவர்களிடம் நான் அதைச் சொல்வதில்லை. கதையில் வருகிற ஆளுக்கு டாமி என்று ஒரு பெயர் வைத்திருந்தேன்.

கிடங்கு வந்தது. இன்றைக்கு இதை விட்டுவிடலாம் என்று அடுத்த பீப்பாயைக் காட்டப் போனேன்.

"அந்தப் பெட்டியில என்ன?" என்று கேட்டது அம்மா. யாரோ ஒரு பயணி கேட்பது மாதிரி, கையை உயர்த்திக் கேட்டாள்.

வேறு வழியில்லை. நாயை எடுத்தேன். கால்சட்டைக்குள் விட்டுக்கொண்டு டாமி நடப்பதைப் போல ஒரு காலை மடக்காமல் நடந்து காட்டினேன். வாசலில் சோதனை போடுவதையும், டாமி நெளிவதையும், தக்கை கழன்று கால்வழியே விஸ்கி வழிய, டாமி "வயசாயிருச்சு சார், அடக்க முடியல" என்று சொல்வதையும் நடித்தேன். தேனிலவுப் பெண் சிரித்துச் சிரித்துப் புருஷன் தோளில் சாய்ந்துவிட்டாள். சிரிப்புக்கு நடுவில் அம்மாவைப் பார்க்கத் துணிச்சல் வரவில்லை. அப்பா அப்படி எதுவும் சொல்லவில்லை. அந்த வரியை எழுதியவள் நான்.

"யாரு போட்டுக் குடுத்தது?" என்றார் கிளாஸ்கோக்காரர். யாராவது ஒருவர் எப்போதும் கேட்பார்கள்.

"கூட வேலை பாத்த ஒரு நீள மூக்குக்காரன்," என்று மூக்கை விரலால் இழுத்துக் காட்டினேன். "அன்னிக்கு அவன் மட்டும் வெறுங்கையோட முன்னாடி நடந்து வந்தான். சோதனை வரப்போகுதுன்னு அவனுக்கு எப்படித் தெரிஞ்சதுன்னு யாருக்கும் தெரியாது."

"அது பொய்," என்றாள் அம்மா.

எல்லோரும் திரும்பினார்கள். அம்மா கைப்பையை இறுக்கிப் பிடித்திருந்தாள். "அன்னிக்கு அவனுக்குப் பல்வலி. குடிக்க முடியாது, அதனால எடுக்கல. அவன் யார்கிட்டயும் சொல்லல. சொன்னது நான். நான் அந்த ஆளோட பொண்டாட்டி."

கிளாஸ்கோக்காரர் கைதட்டினார். "அடேங்கப்பா. ஆள செட் பண்ணி நடுவுல உக்கார வச்சிருக்காங்கடா மச்சான். நான் நம்பியே போயிட்டேன்." எல்லோரும் தட்டினார்கள். டென்மார்க்குக்காரி ஒருத்தி அம்மாவின் தோளில் கைபோட்டுப் படம் எடுத்துக்கொண்டாள். அம்மா கேமராவைப் பார்த்து நின்றாள். அப்படியொரு கைதட்டல் என் எதிரிக்குக்கூடக் கிடைக்கக் கூடாது.

விஸ்கி சுவைத்துப் பார்க்கிற அறையில் அவர்களை வேறொருத்தியிடம் ஒப்படைத்துவிட்டு அம்மாவைக் கடற்சுவரோரம் கூட்டிப்போனேன்.

"என்னம்மா சொன்ன?"

அம்மா என் முன்நெற்றி முடியை விலக்கினாள். புருவத்துக்கு மேலே ஒரு தழும்பு இருக்கிறது. "இது கேட்டுல ஏறி விழுந்ததுன்னு சொல்லிருக்கேன். இல்ல. உங்கப்பா நாயில இருந்ததக் குடிச்சுக் காலி பண்ணிட்டு உன்னப் பள்ளிக்கூடத்துலருந்து வேன்ல கூட்டிட்டு வந்தாரு. வண்டிய வாய்க்கால்ல விட்டுட்டாரு. ரெண்டு நாள் நீ கண்ணே திறக்கல. எந்திரிச்சப்புறம் உனக்கு ஒண்ணும் ஞாபகம் இல்ல."

நான் தழும்பைத் தொட்டுப் பார்த்தேன்.

"மேனேஜர்கிட்டப் போனேன். வேலைய விட்டு எடுக்காதீங்க, ஒரு தடவ மடக்கிப் புடிச்சு நல்லா மிரட்டி விடுங்கன்னேன். வியாழக்கிழமையாப் பாத்துச் சொன்னேன். வியாழக்கிழமை கலால் அதிகாரி கப்பலேறிப் பொண்டாட்டியப் பாக்கப் போயிருவாரு. வாசல்ல மேனேஜர் மட்டுந்தான் இருப்பாரு, விஷயம் வெளிய போகாது." அம்மா துறைப் பக்கம் திரும்பினாள். "அன்னிக்குக் காத்து. கப்பல் போகல."

கலால் அதிகாரி வாசலில் நின்று வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாராம். அவர் கண்ணெதிரே பிடித்ததை மேனேஜரால் மூடி மறைக்க முடியவில்லை.

எனக்குக் கோபம் தலைக்கேறியது. "இத்தன வருஷமா டூகால்ட..."

"அவனுக்குத் தெரியும். நான் ஆபீஸ்லருந்து வெளிய வரும்போது எதிர்ல வந்தான். தொப்பியத் தூக்கினான். ஊரே காறித் துப்புச்சு, நீ பீட்டக் கொண்டுபோய்க் கொட்டின. அவன் வாயே திறக்கல."

"நீ ஏம்மா திறக்கல?"

"உங்கப்பா இருந்தவரைக்கும் அவரு போயிருவாருன்னு பயம். அவரு போனப்புறம் நீ போயிருவன்னு பயம்."

"இப்ப மட்டும் எப்படிப் பயம் போச்சு?"

"போகலடி. என்னிக்காவது அவனே சொல்லிருவான்னு இருந்தேன். அவன் சொல்லிட்டா நான் சொல்ல வேண்டாம்ல? இனிமே சொல்றதுக்கு ஆளில்ல."

அவளைக் கட்டிக்கொள்ளவும் தோன்றியது, அங்கேயே விட்டுவிட்டுப் போய்விடவும் தோன்றியது. இரண்டையும் செய்யவில்லை. பதினேழு வருஷமாக, வாரம் ஆறு நாள், அந்த மூக்கை இழுத்துக் காட்டியிருக்கிறேன். ஹெக்டரின் பிள்ளைகள் இதே ஆலையைப் பார்க்கப் பள்ளியிலிருந்து வந்த அன்றைக்கும் காட்டினேன்.

அம்மா கைப்பையைத் திறந்து கடிதத்தை எடுத்தாள். சுவர்மேல் விரித்துப் பேனாவுக்குக் கைநீட்டினாள். கொடுத்தேன். படத்துக்குக் கீழே போட வேண்டிய நாலு வரிகளில், "சக தொழிலாளி ஒருவர் கொடுத்த தகவலின் பேரில்" என்று இருந்ததில் முதல் மூன்று சொற்களை அடித்தாள். மேலே "மனைவி இஷ்பெல்" என்று எழுதினாள். கையெழுத்துப் போட்டாள். காற்றில் படபடத்த தாளை மடித்து என் சட்டைப்பையில் வைத்தாள்.

"போடுவாங்களா?"

"தெரியலம்மா."

"போடலன்னா நீ சொல்லு. தினமும் சொல்லு."

திரும்பும்போது வண்டிக்குள் ஒரே கூத்து. கிளாஸ்கோக்காரர் பாட, மச்சான் தாளம் தட்டினார். அம்மா இப்போது கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள். எவரோ கொடுத்த மிட்டாயைப் பிரிக்காமல் கையில் வைத்திருந்தாள். மழை பிடித்துக்கொண்டது.

சர்ச்சுக்கு முன்னால் நீல வேன் வந்தது. இந்த முறை ஒதுங்குமிடம் என் பக்கம் இருந்தது. வண்டியை ஓரங்கட்டி நின்றேன். வேன் மெல்ல வந்தது. விரலைத் தூக்கினேன். போதவில்லை என்று தோன்றி, கையையே தூக்கினேன். துடைப்பான் போய் வந்தது, ஹெக்டரின் முகம் நன்றாகத் தெரிந்தது. அவனுடைய அப்பாவின் அதே நீள மூக்கு. அவன் இரண்டு கையாலும் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு நேரே பாதையைப் பார்த்தபடி கடந்து போனான். நான் எதிரே வந்தால் எப்படிப் பார்க்க வேண்டும் என்று நாற்பது வருஷமாக அவனுக்கு நான்தான் பழக்கியிருந்தேன்.

"விடும்மா, அவன் பாக்கல," என்றார் கிளாஸ்கோக்காரர், பாட்டை நிறுத்திவிட்டு.

வண்டியை எடுத்தேன். கண்ணாடியில் பார்த்தபோது அம்மா பின் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தாள். வேன் வளைவில் மறைந்துவிட்டது. ஈரக் கண்ணாடிக்கு எதிரே அவளுடைய ஒற்றை விரல் நின்றது. அடுத்த வளைவு வரைக்கும், துறையின் விளக்குகள் தெரிகிற வரைக்கும், அவள் அதை இறக்கவில்லை.