வீடு மாற முடியாத பேராசிரியர்

பெட்டியோடு படியிறங்கித் தெருக்கதவைத் திறந்தால் பேராசிரியர் எக்காட்டுக்குத் தன்னுடைய வீட்டுச் சமையல் குசினிதான் வரும். மொன்றியல் நகரத்துப் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் இது எல்லாருக்கும் தெரியும். ஜெர்மனியில் சட்டம் படிப்பித்தவர். அந்த நாட்டு அரசியலமைப்பில் எந்தப் பாராளுமன்றமும் தொட முடியாத விதிகள் சில உண்டு. வாழ்நாளெல்லாம் அவர் எழுதியது அவற்றைப் பற்றித்தான். எல்லாரும் ஒன்றாகக் கை உயர்த்தினாலும் அவை மாறா என்பது அவர் வாதம். அந்தப் புத்தகங்களை அடுக்கித் தூக்கினால் ஒரு அரிசி மூட்டைப் பாரம் வரும். மொன்றியலில் ஒரு வருசம் படிப்பிக்க வந்தவர், வேறெங்கும் வீடு அகப்படாமல் தமிழர் நிறைந்த ஒரு கட்டடத்தின் மூன்றாம் மாடியில், புஷ்பவதி என்கிறவளின் வீட்டுக்கு எதிர்க்கதவில் குடியேறினார்.

அந்தக் குளிர்காலம் கட்டடச் சொந்தக்காரர் எல்லாரையும் வெளியேற்றிவிட்டு, வீடுகளைத் திருத்தி இரட்டை வாடகைக்கு விட நினைத்தார். குடியிருந்தவர்கள் சங்கம் அமைத்தார்கள். நம்மவர் சங்கம் என்றால் முதலில் சட்டதிட்டம் எழுதிய யாப்பு வேண்டும், யாப்பு என்றால் முதலில் சண்டை வேண்டும். சண்டை பிடித்துக் களைத்த பிறகு தலைவர் உருத்திரமூர்த்தி மேலே ஏறிப்போய், "புறொபெசர், உங்கட நாட்டில இருக்கிற மாதிரி ஒண்டை எங்களுக்கும் எழுதித் தாங்கோ. இவங்கள் என்ர எழுத்தை நம்பமாட்டாங்கள்" என்றார். பேராசிரியர் சிரித்துக்கொண்டே எழுதினார்: இங்கே குடியிருக்கிறவர் குடியிருந்துகொண்டே இருப்பார், இதை எவரும் எக்காலத்திலும் மாற்ற முடியாது. நிலக்கீழ் அறையில், உடுப்புத் தோய்க்கிற மெசின்களுக்கு நடுவில் அது நிறைவேறியது. அடுத்த கிழமை சொந்தக்காரரின் ஆட்கள் புஷ்பவதியின் குளிர்ப்பெட்டியை இறக்கித் தெருவோரம் வைத்துவிட்டு மேலே ஏறினார்கள். அது அவர்களுக்கு முன்பே குசினியில் நின்று ஓடிக்கொண்டிருந்தது. சுத்தியலால் அடித்த சுவர் தானே பூசிக்கொண்டது. சொந்தக்காரர் பிறகு அந்தப் பக்கம் வரவில்லை.

பனி கரைந்த நேரம் பேராசிரியருக்கு அழைப்பு வந்தது, அவருடைய நாட்டின் அரசியலமைப்பு நீதிமன்றத்தில் நீதிபதியாக. இளமையிலிருந்து அவர் ஆசைப்பட்டது அது ஒன்றுக்குத்தான். பெட்டியைத் தூக்கிக்கொண்டு இறங்கினார், குசினிக்குள் நின்றார். வெறுங்கையோடு கடைக்குப் போகலாம், மெற்றோ ஏறலாம், வகுப்புக்குப் போகலாம். விமான நிலையத்துக்கு ஏறினால் மட்டும் பஸ் அவரை வீட்டு வாசலில் இறக்கிவிட்டது.

அந்த விதியை நீக்கலாமா என்று மறுபடி கூட்டம் வைத்தார்கள். "அதை எடுத்தா நாளைக்கு எங்கட சாமான் றோட்டில" என்றார் உருத்திரமூர்த்தி. "அந்த மனிசனை மறியலில பூட்டி வச்சிட்டு நாங்கள் நித்திரை கொள்ளுறதோ, அண்ணை?" என்று புஷ்பவதி கையை உயர்த்தினாள். பிறகு ஒவ்வொரு கையாக உயர்ந்தது, உருத்திரமூர்த்தியின் கை கடைசியாக. பேராசிரியர் கண்ணைத் துடைத்துக்கொண்டு மேலே ஓடிப் பெட்டியை எடுத்து, இறங்கி, கதவைத் திறந்தார். குசினி.

"நீங்கள் எழுதினதில ஒரு பிழையும் இல்லை, புறொபெசர்" என்றார் உருத்திரமூர்த்தி.

நீதிபதி இருக்கை அவரிடம் படித்த ஒரு பெண்ணுக்குப் போனது. ஜூலை முதலாம் தேதி மொன்றியல் முழுக்க வீடு மாறுகிற நாள், தெருவெல்லாம் லொறியும் மெத்தையும். வருசா வருசம் அன்று காலை அவர் பெட்டியோடு படியிறங்குகிற சத்தம் கேட்டதும் புஷ்பவதி தேத்தண்ணிக்குத் தண்ணீர் வைப்பாள். அது கொதிக்கிற நேரம் எதிர்வீட்டுக் குசினியில் பெட்டி வைக்கிற சத்தம் கேட்கும். இரண்டு கோப்பையை எடுத்துக்கொண்டு போவாள்.