எழுந்திரு என்று சொல்ல ஆளில்லாத குன்று

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். என் அக்கா வீடு மாறி மூன்று வருடமாகிறது. புது முகவரி என்னிடம் இல்லை. கேட்டால், "இப்பதான் ஞாபகம் வந்துச்சா?" என்பாள். அந்த ஒரு கேள்விக்குப் பயந்து, நிலமே இடம் மாறும் ஒரு நாட்டையும் அதை வரைய ஒரு சங்கத்தையும் கற்பனை செய்துவிட்டேன். போன் செய்வதைவிட இது சுலபம்.

2

முதல் தொடக்கம்: "மலைகள் நடக்கத் தொடங்கிய ஆதிகாலத்தில், ஏழு கடல்களுக்கு அப்பால்—"

அடித்துவிட்டேன். ஏழு கடல் வந்தால் பின்னாலேயே ஓர் இளவரசன் குதிரையில் வந்துவிடுவான். இரண்டு பேருக்கும் தீனி போட என்னால் ஆகாது.

இரண்டாவது: "அவள் உட்கார்ந்திருந்தாள்."

பரவாயில்லை.

3

அந்த நாட்டில் குன்று, குளம், தெரு எல்லாம் நகர்ந்துகொண்டே இருக்கும். ஆனால் ஓர் இடத்தில் ஒருவர் பாய் விரித்து உட்கார்ந்தால், அவரைச் சுற்றி வரைபடச் சங்கம் கோடு போட்ட பரப்பு மட்டும் அசையாமல் நிற்கும். உட்காருகிறவருக்கு 'ஆணி' என்று பேர். வேலை முடிந்ததும் மணியடித்துக் கோட்டுக்குள் இருப்பவர்களை வெளியேற்றுவார்கள். பிறகு தலைவர் வந்து "எழுந்திரு" என்பார். அதன்பிறகுதான் ஆணி எழலாம்.

(குளிப்பது, மற்றது? பத்தடி நடக்கலாம் என்கிறது விதி. கேட்பீர்கள் என்று தெரியும்.)

(தலைவருக்கு 'திசைத்திலகம்' என்று பட்டம். சொந்த வீட்டுக்கே வழி கேட்டுத்தான் போவார். ஆணிக்குப் பட்டம் கிடையாது, பாய் உண்டு.)

நம்மவள் குன்றின்மேல் உட்கார்ந்து ஏழு மாதம். படம் அச்சாகி, பாராட்டு விழாவும் முடிந்தது. தலைவர் மட்டும் வரவில்லை. சங்க வரலாற்றிலேயே முதன்முறையாக ஒரு படம் சரியாக இருக்கிறது. யாருக்கு எழுப்ப மனசு வரும்?

4

அவளும் தங்கச்சியும் குடியிருந்த வீடு அடிவாரத்தில்தான் இருந்தது. ஆனால் படத்தைச் சுற்றிப் பூக்கரை போட ஆசைப்பட்டு, கோட்டை இரண்டு விரல்கடை உள்ளே தள்ளிவிட்டார்கள். வீடு வெளியே போயிற்று. வெளியே போனது நகரத் தொடங்கியது.

தங்கச்சி வரலாமே என்பீர்கள். ஆளில்லாத வீடு ஒரே நாளில் தொலைந்துவிடும். நகர்ந்தாலும் தொலையாமலிருக்க அந்த வீட்டுக்கு அவள்தான் ஆணி.

முதல் மாதம் கத்திக் கத்திச் சண்டை போட்டார்கள்.

"என் சீப்பை எங்கடி வெச்ச?"

"நான் தொடவே இல்லக்கா! வந்து நீயே தேடிக்க!"

நான்காம் மாதம், "சாப்டியா?" "ம்!" அவ்வளவுதான். சண்டை போடக் கிட்டத்தில் ஆள் வேண்டும். தூரத்தில் இருப்பவரிடம் நலம்தான் விசாரிக்க முடியும்.

(இந்த வரியை எழுதிவிட்டு வாசல்வரை போய் வந்தேன். அங்கே யாரும் இல்லை.)

5

ஒருநாள் தலைவர் குடைபிடிப்பவருடன் குன்றேறி வந்தார்.

"ஐயா, அந்த வார்த்தையைச் சொல்லிடுங்க. நான் போறேன்."

"நீ எழுந்தா இந்தப் படம் வெறும் தாளும்மா."

"என் தங்கச்சி போய்க்கிட்டே இருக்காய்யா."

"தியாகம்னா சும்மாவா? ஓரத்துல உன் பேரைப் போடச் சொல்றேன்."

"ஓரம் போட்டுத்தானய்யா எனக்கு இந்தக் கதி!"

தலைவர் மனம் மாறுவதாக ஒரு பத்தி எழுதிப் பார்த்தேன். அவருக்கு அது பொருந்தவே—

விடுங்கள்.

6

முடிவுகள்.

அ) தலைவர் சொல்லாமலே எழுந்து ஓடுகிறாள். மணியடிக்கவில்லை, படத்தை நம்பிச் சந்தைக்குப் போன ஒருவர் நடுவழியில் தொலைகிறார். அவருக்கும் ஒரு தங்கச்சி இருப்பாள்.

ஆ) உட்கார்ந்தே இருக்கிறாள். படம் மூன்றாம் பதிப்பு காண்கிறது.

இரண்டும் எனக்குப் பிடிக்கவில்லை. அவளை அங்கே உட்காரவைத்தது சங்கம் இல்லை, நான். அவள் எழுந்தால் இந்தக் கதையும் வெறும் தாள். திசைத்திலகத்துக்கும் எனக்கும் ஒரு குடைதான் வித்தியாசம்.

ஆகவே அந்த வார்த்தையை நீங்களே சொல்லுங்கள். முதலில் மணியடியுங்கள்; சந்தைக்குப் போனவர்கள் வெளியேற நேரம் வேண்டும். ரொம்ப யோசிக்காதீர்கள். இன்று காலை அவள், "சாப்டியா?" என்று கத்தினாள். வந்தது பதிலா, காற்றா என்று தெரியவில்லை. கொஞ்சம் பொறுத்துப் பார்த்துவிட்டு, "ம்" என்று தானே சொல்லிக்கொண்டாள்.