முப்பத்திரண்டாம் பக்கத்துச் சிலுவை

ஆட்டுக்கால் சூப்பில் கலந்தால் தெரியவா போகிறது, மிளகும் பூண்டும் அந்தப் போடு போடும்போது வேறெது இருந்தாலும் நாக்குக்கு எட்டாது, அதனால்தான் தினமும் சூப்பா, எலும்பு கூடும் குடி குடி என்று இருபத்திரண்டு நாளாக ஒரு நாள் தவறாமல்... பிராங்கிளின் கட்டிலை ஒட்டிக் கிடந்த ஸ்டூலைப் பார்த்தான். டம்ளர் தட்டு போட்டு மூடியிருந்தது. மூன்று மணிக்கு அதை வைத்துவிட்டு, "சூடா குட்ச்சிடு, நான் போயி புக்கு மாத்திகினு வந்துட்றேன்" என்று ஜானட் படியிறங்கிப் போனாள். இப்போது நாலாகப் போகிறது. சூப்பு ஆறி மேலே கொழுப்பு படிந்திருக்கும். தொடை வரைக்கும் மாவுக்கட்டு, எழுந்துபோய் ஜன்னல் வழியாக ஊற்றிவிடவும் வழியில்லை. துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன், நாற்பது டன் கண்டெய்னரைத் தூக்கி ட்ரெய்லர் மேல் சத்தமில்லாமல் உட்கார வைக்கிறவன், பெண்டாட்டி கொடுத்த ஒரு டம்ளர் சூப்புக்குப் பயந்து படுத்திருக்கிறான் என்று தெரிந்தால் காசிமேடு வரைக்கும் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அவர்கள் யாரும் இந்தப் புத்தகங்களைப் படித்ததில்லை.

இவனுந்தான் படித்ததில்லை, இருபத்திரண்டு நாளுக்கு முன்புவரை. படியில் விழுந்தபோது காலோடு சேர்ந்து போனும் உடைந்தது, கால் வீட்டுக்கு வந்துவிட்டது, போன் இன்னும் ரிப்பேர் கடையில்தான் கிடக்கிறது. எத்தனை நேரந்தான் மின்விசிறியைப் பார்ப்பது, ஜானட் தலைமாட்டில் அடுக்கி வைத்திருந்ததில் ஒன்றை எடுத்தான். சௌக்கத் அலி பாய் தன் ஜெராக்ஸ் கடையின் பின்பக்கம் ஒரு அலமாரி நிறைய நாவல் வைத்து வாடகைக்கு விடுகிறார், தெருப் பெண்கள் பாதிப்பேர் அங்கேதான். ஏதோ காதல் கத்தரிக்காய் என்று நினைத்துத்தான் பிரித்தான். பார்த்தால் ஒரு வீடு, ஒரு புருஷன், ஒரு பெண்டாட்டி, போலீஸ் வருகிறவரைக்கும் அவ்வளவுதான் ஆட்கள்... பேய் கிடையாது, ரவுடி கிடையாது, கதவை உள்ளே தாழ் போட்ட பிறகுதான் கதையே ஆரம்பிக்கிறது. யார் சிரித்துக்கொண்டே காபி கொடுத்தாலும் அதில் என்ன கலந்திருக்கிறது என்றுதான் படிக்கிறவன் பார்க்கிறான், புத்தகத்தைக் கீழே வைக்கவும் மனசு வரவில்லை, வைத்தால் இவன் வீட்டுச் சமையலறையில் பாத்திரம் விழுகிற சத்தம். கொல்லுகிறவர்கள் எல்லாரும் நல்லவர்கள், ஊரே நல்லவன் என்று சொல்லுகிற புருஷன், கை ருசிக்குப் பேர்போன மனைவி. ஆறு நாவல், ஆறிலும் இரண்டு பேரில் ஒருவர்தான் மிஞ்சுகிறார். அடுத்தது எது என்று ஜானட்டிடம் இவனே கேட்டு வாங்கினான், அதை நினைத்தால் இப்போது தன்மேலேயே எரிச்சலாக இருந்தது.

சிலுவை மட்டும் இல்லாதிருந்தால் இவ்வளவு தூரம் போயிருக்காது. முதல் புத்தகத்தில் முப்பத்திரண்டாம் பக்கத்து ஓரத்தில் பென்சிலால் ஒரு சின்னச் சிலுவை, ஜெபம் பண்ணிக்கொண்டே படித்திருப்பாள் என்று விட்டுவிட்டான். இரண்டாவதிலும் அதே இடத்தில். மூன்றாவதிலும் இருந்தபோது அந்தப் பக்கத்தை இன்னொரு தடவை படித்தான், மனைவி பாலில் மாத்திரையைப் பொடித்துப் போடுகிறாள். நாலாவதில் கேஸ் குழாய். ஐந்தாவதில் புருஷனும் பெண்டாட்டியும் தோசை சாப்பிடுகிறார்கள், வேறொன்றுமே நடக்கவில்லை, அதுதான் அவனுக்கு இன்னும் பயமாக இருந்தது. கல்லறைக்குத்தானே சிலுவை வைப்பார்கள்... சரி, இவள் ஒருத்திதானா என்றால் அதுவும் இல்லை, வேறு பக்கங்களில் வட்டம், நட்சத்திரம், ஒன்றில் குட்டியாக மீன். மீன் யாருடையது? எதிர்வீட்டு ஹெப்சிபா கோலம் போட்டாலும் மீன்தான் போடுவாள், அவள் புருஷன் ஃப்ரெடி போன வாரம் மூன்று நாள் வயிற்றுப்போக்கில் கிடந்தான். ஆக ஒருத்தி பார்த்து வைத்த வழியை இன்னொருத்திக்கு, தெருவே சேர்ந்துகொண்டு, சௌக்கத் பாய்க்கும் தெரிந்தே... சீ, என்ன புத்தி இது, அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய். இப்படிச் சொல்லித் தேற்றிக்கொண்டாலும் கை டம்ளர் பக்கம் போகவில்லை.

ஜானட் எதற்கு அவனைக் கொல்ல வேண்டும்? ஒரு காரணமும் இல்லை. காரணம் உண்டா என்று யார் கேட்டார்கள், எங்கப்பன் குதிருக்குள் இல்லை என்பதுபோல நீயாகவே எதற்கு இல்லை இல்லை என்கிறாய்... கை பட்டது, அவ்வளவுதான். பதினோரு வருஷம் ஆகிறது, ஜானட்டுக்கு அப்போது ஐந்து மாதம், எர்ணாவூரில் அம்மா வீட்டுக்குப் போகிறேன் என்று பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினாள், போகாதே என்றான், கேட்கவில்லை, படி வரைக்கும் பின்னாலேயே போய்த் தோளைப் பிடித்தான், உதறினாள், கை பட்டது. இப்படித்தான் அவன் ஞாபகம் வைத்திருக்கிறான். ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா, எப்படிம்மா விழுந்தே என்றபோது அவள் வாயைத் திறப்பதற்குள் இவன் முந்திக்கொண்டு, ஸ்லிப் ஆய்ட்டா டாக்டர் என்றான். ஜானட் அவனை ஒரு நிமிஷம் பார்த்தாள், அப்புறம் டாக்டரைப் பார்த்துத் தலையை ஆட்டினாள். கலைந்தது ஆண் குழந்தை என்று சொன்னார்கள். அதற்குப்பின் எதுவும் தங்கவில்லை. அவள் அதைப்பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை, சண்டை போட்டதில்லை, கோயிலுக்கு இவன் பக்கத்தில்தான் நடந்து போகிறாள், மறந்துவிட்டாள் என்றே இவன் நினைத்திருந்தான்.

ஆனால் அந்தத் தண்ணீர். இருபத்திரண்டு நாளுக்கு முன் காலை ஷிப்டுக்குக் கிளம்பினான், மேலேயிருந்து மூன்றாவது படி ஈரம். ஜானட் கீழேயிருந்து குடத்தில் தண்ணீர் தூக்கி வந்த நேரந்தான், சிந்தத்தான் செய்யும், தினமும் சிந்துகிறது. தினமும் எல்லாப் படியிலும் சொட்டுச் சொட்டாக அல்லவா சிந்தும், அன்றைக்கு அந்த ஒரு படியில் மட்டும் தேங்கி... தேங்கியிருந்ததா, இல்லை நாவல் படித்துப் படித்து இப்போது தேங்குகிறதா? டாக்டர், எப்படி விழுந்தீங்க என்றார். இவன் வாயைத் திறப்பதற்குள் ஜானட் சொன்னாள், "ஸ்லிப் ஆய்ட்டாரு டாக்டர்." அதே வார்த்தை, அதே அவசரம். அன்றைக்கு வலியில் அது காதில் ஏறவில்லை. இன்றைக்கு மத்தியானம் ஆறாவது புத்தகத்தின் முப்பத்திரண்டாம் பக்கத்தில் ஒரு இன்ஸ்பெக்டர், மாடிப்படிக்குக் கீழே செத்துக் கிடக்கிற மனைவியைப் பார்த்துவிட்டு, வழுக்கினவங்க மல்லாந்து விழுவாங்க, யாராச்சும் தள்ளிவிட்டு விழுந்தவங்கதான் குப்புற விழுவாங்க என்று சொல்லுகிறார், பக்கத்திலேயே ஜானட்டின் சிலுவை. பிராங்கிளின் மல்லாந்துதான் விழுந்தான், கால் முன்னால் போனது, முதுகு படியில் இடித்தது. பதினோரு வருஷத்துக்கு முன் ஜானட் விழுந்தது குப்புற. இரண்டு உள்ளங்கையும் தோலுரிந்திருந்தன, மருந்து போட்டது இவன்தான். அப்படியானால் கை பட்டது இல்லை. இரண்டு கையாலும் தள்ளினான். தள்ளினோம் என்று தெரிந்துதான் தள்ளினான்... விரிந்த புத்தகத்தை நெஞ்சின்மேல் போட்டான்.

படியில் செருப்புச் சத்தம். வெளியே ட்ரெய்லர்கள் ஹாரன் அடித்துக்கொண்டு நின்றன, அதையும் மீறி அவள் ஒவ்வொரு படியாக ஏறி வருவது கேட்டது, மூன்று படி பாக்கி இருக்கும்போது நின்றது, மூச்சு வாங்குகிறாளா, எதற்கு அங்கே நிற்கிறாள்? பிறகு கதவு திறந்தது. கையில் இரண்டு புது நாவல்.

"இன்னாய்யா, சூப்பு அப்படியே கீது?"

அப்புறம் குடிக்கிறேன் என்றான். புத்தகம் நெஞ்சின்மேல் விரிந்தே கிடந்தது, மறைக்கத் தோன்றவில்லை, விரலைச் சிலுவைமேல் வைத்து, "இத நீ போட்டதா?" என்று கேட்டான். 

"ஆமா. பட்ச்சதுக்கு அடையாளம். பாய் பாட்டுக்கு அட்டைய மாத்தி மாத்தி ஒட்டிக் குடுக்கறாரு, எது பட்ச்சதுன்னு இன்னா தெரியுது? நம்ம வூட்டு நம்பரு முப்பத்திரண்டு, அந்தப் பக்கத்துல ஒரு சிலுவ போட்டு வெச்சிடுவேன். ஹெப்சிபா மீனு போடுவா. ஏன் கேக்குற?"

அவ்வளவுதானா! சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது, வீட்டு நம்பர், அடக் கடவுளே, வீட்டு நம்பருக்கா இந்தப் பாடு பட்டான், கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது அவனுக்கு, அந்தச் சந்தோஷத்தில் வாய் சும்மா இருந்திருக்கலாம். "ஏன் ஜானட், இதெல்லாம் பட்ச்சிகினு கீறியே, ஒனுக்கு பயமா இல்ல?"

"பயமாத்தான் கீது." அவள் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து புது நாவலின் முப்பத்திரண்டாம் பக்கத்தைத் திருப்பிப் பார்த்தாள், ஒன்றுமில்லை, மூடினாள். "ஆனா புக்குல யாராச்சும் ஒர்த்தர் வந்து அந்தப் பொம்பளய தனியா உக்கார வெச்சிக் கேக்கறாங்கய்யா. புருஷன வெளிய அனுப்ச்சிட்டு. இன்னாம்மா நடந்துச்சி, நீ சொல்லுன்னு. அந்த எடத்துக்கோசரந்தான் படிக்கிறேன்."

அவனைப் பார்த்துச் சொல்லவில்லை. கோபமாகவும் சொல்லவில்லை. டம்ளரின் தட்டைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "பனி மாரி கெட்டிப் போச்சி, சுட வெச்சி எடுத்துகினு வரேன்" என்று எழுந்து போனாள். அடுப்பு பற்றுகிற சத்தம் கேட்டது.

கேட்டுவிடலாம். சூப்பு சுடுவதற்குள் கேட்டுவிடலாம், ஜானட், அன்னிக்கிப் படியில தண்ணிய நீதான் ஊத்துனியா என்று ஒரே மூச்சில்... அவள் என்ன சொல்வாள், நான் எதுக்குய்யா ஊத்தப்போறேன் என்பாள். அப்படித்தான் சொல்வாள். சொல்லிவிட்டு அந்த எதுக்கு என்பதற்கு இவன் வாயிலிருந்து பதில் வரும்வரை நின்றுகொண்டிருப்பாள். மிளகு வாசனை அறைக்குள் வந்தது. ஜானட் டம்ளரை முந்தானையால் பிடித்துக்கொண்டு வந்து நீட்டினாள், போகாமல் அங்கேயே நின்றாள்.

வாங்கிக் குடித்தான். ஒவ்வொரு வாய்க்கும் பயமாகத்தான் இருந்தது, ஆனாலும் கேட்பதைவிட இது சுலபமாக இருந்தது.