தண்ணீர் இல்லாத ஓயா

ராகினியின் வீடு நகரவில்லை, ஓயாதான் நகர்ந்தது. அதை நீதிமன்றத்துக்கு எப்படிப் புரியவைப்பது என்பதுதான் அவளுக்குப் பெரும் பாடாக இருந்தது.

2017இல் மண் சரிந்தபோது ஓயா என்கிற அந்தச் சிற்றாறு பழைய தடத்தை விட்டு, அவள் வீட்டுக்குப் பின்னால் புதுவழி பறித்துக்கொண்டு ஓடியது. அதுவரை ஓயாவுக்குத் தெற்கே தேயிலைத் தோட்டம், இரத்தினபுரி மாவட்டம். வடக்கே அவள் வீடு, கேகாலை மாவட்டம். அம்மாவுக்குக் கேகாலைப் பக்கத்துத் தெரணியகலையில் கொடுத்த காணி அனுமதிப்பத்திரத்திலும் ‘ஓயாவுக்கு வடக்கே’ என்றுதான் இருந்தது. இப்போது வீடு ஓயாவுக்குத் தெற்கே நின்றது. ஏழு வருடம் சும்மா இருந்த தோட்ட நிர்வாகம், காணி எங்களுடையது, வீட்டை விட்டு எழும்பு என்று இரத்தினபுரி நீதிமன்றத்தில் வழக்குப் போட்டது.

“தூங்கி எந்திரிக்கிறதுக்குள்ள மாவட்டம் மாறிட்டியேடி,” என்றாள் பக்கத்து லயத்து வரிசைவீட்டுப் புஷ்பம் அக்கா. “எனக்கு இங்கன இருக்கிற பெல்மதுளைக்குப் போகவே பஸ்சு கெடைக்கல.”

ராகினி சிரித்தாள். ஆனால் அன்று முழுக்க சுவரைத் தடவிக்கொண்டே இருந்தாள். ஒவ்வொரு கல்லும் அவளும் அம்மாவும் தலையில் சுமந்து வந்தது.

விசாரணையன்று அவளுடைய வக்கீல் அஸ்ஹர் ஒன்றையே திரும்பத் திரும்பச் சொன்னார்: காணி கேகாலையில் இருக்கிறது, இந்த நீதிமன்றத்துக்கு அங்கே அதிகாரமில்லை. எதிர்த்தரப்பு வக்கீல் 1993ஆம் வருட வரைபடத்தை விரித்தார். “எல்லை ஓயா. வீடோ ஓயாவுக்கு இந்தப் பக்கம். அவ்வளவுதான்.”

சாட்சிக் கூண்டில் தோட்டத்துக் கண்டக்டர் சண்முகநாதன் ஏறினார். வேலைக்காடுகளைப் பார்க்கிற பெரிய உத்தியோகத்தர். “நான் வந்த நாள்லேருந்து ஓயா இப்ப ஓடுற எடத்துலதான் ஓடுது,” என்றார், கண் சிமிட்டாமல்.

குறுக்கு விசாரணை வேண்டாமென்று அஸ்ஹர் உட்காரப் போனார். ராகினி அவருடைய கறுப்புக் கோட்டைப் பிடித்து இழுத்தாள்.

“சேர், கரகத்தப் பத்திக் கேளுங்க. தேங்கா யாரு ஒடைக்கிறதுன்னு கேளுங்க.”

அஸ்ஹருக்கு ஒன்றும் விளங்கவில்லை. ஆனாலும் கேட்டார். “உங்கள் தோட்டத் திருவிழாவில் கரகத்துக்கு முதல் தேங்காய் உடைப்பது யார்?”

சண்முகநாதனின் நெஞ்சு நிமிர்ந்தது. “நான்தாங்க. இருவத்திரெண்டு வருசமா நான்தான். வேற ஒருத்தரையும் விடமாட்டேன்.”

“எந்த இடத்தில்?”

“அரசமரத்துப் பாறையில. எப்பவும் அதே எடம்தான்.”

“அங்கே தண்ணீர் ஓடுகிறதா?”

“இப்ப இல்ல. பொம்பளைங்க கொடத்துல கொண்டாந்து ஊத்துவாங்க.”

“தண்ணீர் ஓடுகிற இடத்துக்கே போகலாமே?”

“அது எப்படிங்க?” சண்முகநாதனுக்குக் கோபமே வந்துவிட்டது. “கரகத்த ஓயாவுலதான் ஜோடிச்சுப் பாலிக்கணும். அதுதானே ஓயா! மத்தது நேத்து மண்ணு சரிஞ்சு வந்த தண்ணி…”

வாய் பாதியில் நின்றது. பின்வரிசையில் புஷ்பம் அக்கா சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டாள்.

நீதிபதி வரைபடத்தைத் தன் பக்கம் திருப்பினார். “நேற்று வந்த தண்ணீர் 1993 வரைபடத்தில் இருக்காதே,” என்றார்.

அடுத்த மாதம் அரச நில அளவையாளர் வந்து சங்கிலி பிடித்தார். எல்லை, அரசமரத்துப் பாறையில் சரியாக விழுந்தது.

தீர்ப்பு மூன்று நிமிடத்தில் முடிந்தது. “அந்தப் பாறைக்கு வடக்கே எனக்கு அதிகாரம் இல்லை. வழக்குத் தள்ளுபடி.”

“அப்படியானால் கேகாலையில் போடுவோம்,” என்றார் நிர்வாகத்தின் வக்கீல்.

“போடலாம். ஆனால் உங்கள் தோட்டமும் அதே பாறையோடு முடிகிறதே.”

அன்று பின்னேரம் பஸ்ஸை விட்டு இறங்கி, ராகினி வறண்டு கிடந்த பழைய ஓயாப் பள்ளத்தில் இறங்கினாள். ஒரு அடி இரத்தினபுரியில், மறு அடி கேகாலையில். நடுவில் இடுப்பில் கைவைத்து நின்று, தன் வீட்டை ஒரு ராணியைப் போலப் பார்த்தாள். மேலே ரோட்டில் சண்முகநாதன் தலையைக் குனிந்துகொண்டு நடப்பது தெரிந்தது.

“கண்டக்டர் ஐயா!” அவள் குரல் மலையில் பட்டுத் திரும்பியது. “அடுத்த வருசமும் தேங்கா நீங்கதான் ஒடைக்கணும்!”