நெம்பினால் ஏறும் வானம்

வானம் கட்டுப்பாட்டுக் கோபுரத்தின் உச்சி வரை இறங்கி நின்றுவிட்டதால், விமானம் மாறுவதற்காக இறங்கிய நாலாயிரத்துச் சொச்சம் பேர் அந்த விமான நிலையத்திலேயே இரண்டரை வருடம் தங்க நேர்ந்தது. வெளியே போக யாருக்கும் விசா இல்லை. சற்று நேரத்தில் விமானங்கள் புறப்படும் என்று மணிக்கொரு தடவை அறிவித்தார்கள். வானம் எந்தத் துறையின் கீழ் வருகிறது என்று கேட்ட கடிதங்களுக்குப் பதில் இல்லை. பெட்டிகள் சுற்றிவரும் பட்டையில் குழந்தைகள் நடை பழகின.

காத்திருக்கவே தெரியாத ஒரு லிஃப்ட் மெக்கானிக் அங்கே மாட்டிக்கொண்டிருந்தான். தினமும் காலையில் முதல் ஆளாகக் கவுன்டருக்குப் போய்த் தொண்டை கட்டும் வரை சண்டை போடுவான். பிறகு உட்கார்ந்து புகார் மனு எழுதுவான். பக்கத்து நாற்காலிக்காரி அச்சகத்தில் பிழை திருத்துபவள், தம்பி வீட்டுக்குப் போகிறவள். "'உடனடியாக கிளப்பவும்'. இங்க நடுவுல ஒரு 'க்' வரணும்" என்று மனுவைத் திருத்தித் தருவாள். யாரும் படிக்கப் போவதில்லை என்று இருவருக்கும் தெரியும். நானூறாவது மனு வாக்கில் அவனுக்கு அவளை ரொம்பவும் பிடித்துப்போனது. எரிச்சல் மட்டும் குறையவில்லை.

ஒருநாள், வானத்தையே ஒரு கை பார்த்துவிடுகிறேன் என்று கோபுரத்தில் ஏறினான். லிஃப்ட் கதவில் புடவைத் தலைப்பு மாட்டுவதுபோல், வானத்தின் ஓரம் ஆன்டெனாவில் சிக்கியிருந்தது. கம்பியால் நெம்பினால் பத்து நிமிட வேலை. இறங்கி வந்தவன் யாரிடமும் மூச்சுவிடவில்லை. வானம் ஏறினால் அவள் கிழக்கே போவாள், அவன் மேற்கே போக வேண்டும்.

பத்தொன்பது நாள் அவன் சண்டைக்கே போகவில்லை. உடம்புக்கு ஏதாவதா என்று கவுன்டர்காரர்களே ஆள்விட்டு விசாரித்தார்கள். பிழை திருத்துபவளுக்குப் பொறுக்கவில்லை.

"எங்கிட்ட என்னத்த மறைக்கிறீங்க?"

சொன்னான். அவளுக்கு முகம் சிவந்துவிட்டது.

"ஒரு வார்த்த கேக்க வாய் வராம, நாலாயிரம் பேர உக்கார வச்சிருக்கீங்களா?"

"கேட்டு, நீங்க வேணாம்னுட்டா?"

"மொதல்ல வானத்த ஏத்திட்டு வாங்க. எங்க தம்பி வீடு ஏழாவது மாடி. லிஃப்ட் ஓடியே ஆறு மாசம் ஆச்சாம்."

இதற்கு மேல் என்ன பதில் வேண்டும் என்று அவனுக்கே வெட்கமாகப் போயிற்று.

மதியம் இரண்டேகாலுக்கு வானம் ஏறியது. சனம் முண்டியடித்துக் கிளம்பியது. அவளுடைய விமானம் அன்றே போய்விட்டது. டிக்கெட்டைக் கிழக்கே மாற்றக் கேட்டவனிடம், இடமில்லை, காத்திருக்கவும் என்றார்கள். வானத்தை ஏற்றியவன் அதே கவுன்டரில் இன்னும் ஏழு மாதம் நின்று கத்தினான். ஏற்றியதே நான்தான் என்றான். அத்தாட்சி கேட்டார்கள். மறுபடி மனு எழுதினான். அவள் இல்லாததால் வரிக்கு வரி ஒற்றுப்பிழை. அதைப் பார்க்கப் பார்க்க அவனுக்கு அழுகை வந்தது.

கடைசியில் போய்ச் சேர்ந்து, ஏழு மாடியும் படியேறி, மூச்சிரைக்கக் கதவைத் தட்டினான். அன்று அந்த ஊரில் வானம் கொஞ்சம் இறங்கியிருந்தது. எதிர் மொட்டைமாடியில் துணி உலர்த்தியவர்கள் குனிந்து நடந்தார்கள். கதவு திறந்தபோதும் அவன் கண் படிக்கட்டு ஜன்னல் வழியாக மேலேயே இருந்தது.

"அது கெடக்கட்டும். மொதல்ல லிஃப்ட்டப் பாருங்க" என்றாள் அவள்.