மேசைக்கடியில் ஒரு வாத்து

கைபேசி இணைப்பைத் துண்டிக்கச் சொல்லி அழைப்பவர்களிடம் பேசுவது எங்கள் பிரிவு. நாள் முழுக்கத் திட்டு வாங்கி ஆளே நிற்பதில்லை என்று முறையிட்டதற்கு, மேலாளர் ஆளுக்கொரு பஞ்சு பொம்மை வாங்கிக் கொடுத்தார். யானைப் பசிக்குச் சோளப்பொரி. ஆனாலும் உள்ளதைச் சொல்ல வேண்டும்: காதில் வசவு விழும்போது கை மெத்தென்று எதையாவது அமுக்கினால் மூச்சு கொஞ்சம் சீராகத்தான் செய்கிறது.

அந்தப் பேச்சுகளை ஒட்டுக்கேட்டு மதிப்பெண் போடுவது என் வேலை. முதுகுக்குப் பின்னால் என்னைக் கறார் அக்கா என்பார்கள். முன்னால் சொன்னாலும் எனக்குக் கவலையில்லை.

சேர்ந்து மூன்று மாதமான ஒரு பெண், வீட்டிலிருந்து தன் பழைய வாத்து பொம்மையைக் கொண்டுவந்து வைத்திருந்தாள். அதனால் அவளுக்கே வாத்து என்று பேராகிவிட்டது. அன்று நான் போடும் மதிப்பெண்ணில்தான் அவள் வேலை நிலைக்குமா என்பது இருந்தது.

ஓர் அம்மா அழைத்தார். இறந்துபோன மகளின் எண்ணை மூட வேண்டுமாம். யாராக இருந்தாலும் "ஏன் விலகுகிறீர்கள், சலுகை தரட்டுமா?" என்று கேட்டே ஆக வேண்டும் என்பது விதி. வாத்து கேட்டாள். கேட்கும்போதே மேசைக்கடியில் பொம்மையை இறுக்கிப் பிழிந்துவிட்டாள். அது கீச்சென்று கத்தியது. நான் தலையில் கைவைத்துக்கொண்டேன்.

"அங்க குழந்தை இருக்காம்மா?" என்றார் அந்த அம்மா.

கல்யாணமே ஆகாதவள், "இருக்கும்மா" என்றாள்.

"என் பொண்ணும் சின்னதுல இப்படித்தான், கீச்சு கீச்சுன்னு உயிரை வாங்குவா. இன்னொரு தடவ விளையாடச் சொல்லேன்."

வாத்து அமுக்கினாள். பதினோரு நிமிடம் அமுக்கிக்கொண்டே இருந்தாள். அந்த அம்மா அழுதார், சிரித்தார், வந்த விஷயத்தை மறந்து போனை வைத்தார்.

வாடிக்கையாளரிடம் பொய் சொன்னால் பூஜ்யம். விதி விதிதான் என்று போட்டேன். சாயங்காலமே அவள் பொம்மையைப் பையில் திணித்துக்கொண்டு, "வரேன்க்கா" என்று சொல்லிவிட்டுப் போனாள். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

அடுத்த வாரம் ஆள் பற்றாக்குறை. நானே அவள் இடத்தில் உட்கார்ந்து அழைப்பை எடுத்தேன். அதே அம்மா. எண்ணைப் பற்றி ஒன்றும் பேசவில்லை.

"அன்னைக்குப் பேசின பொண்ணோட குழந்தை இருக்காம்மா? சத்தத்தக் கொஞ்சம் கேக்கணும்."

என் கை மேசைக்கடியில் துழாவி வெறுமையாகத் திரும்பியது.

"தூங்குதும்மா."

அந்த அம்மாவின் குரல் சட்டென்று இறங்கியது. "ஐயோ, எழுப்பிடாதம்மா" என்று மெல்லச் சொல்லிவிட்டு, சத்தமில்லாமல் போனை வைத்தார்.